இந்திர சபையும் காஃப் மலையும்

உம்மாவின் பிறந்தகம் பாகப்பிரிவினைக்கு வந்தபோது எம் பங்கிற்கு வந்து சேர்ந்தது ஒரு தகரப் பெட்டி. வேண்டுவார் இல்லாமையால் எம்மிடம் வந்தது என்று சொல்வதே பொருந்தும். பித்தளைக் குடங்களுக்கும் தேக்குக் கட்டிலுக்கும் உரியோர் இருந்தனர். துருவேறிய பூட்டுடன் பரணில் கிடந்த அப்பெட்டியை, “நீதான் புத்தகக்காரன், எடுத்துக்கொள்” என்று மாமா எம் கையில் தள்ளிவிட்டார். பூட்டை உடைத்துத் திறந்தபோது கரையான் அரித்தவை போக, சினிமாப் பாட்டுப் புத்தகங்கள் பதினான்கு எஞ்சியிருந்தன. வள்ளி திருமணம், பவளக்கொடி, நந்தனார், சிந்தாமணி, நந்தகுமார், சாவித்திரி எனப் பெயர்கள் மங்கிய மையில் தெரிந்தன. ஐவேளைத் தொழுகை தவறாத எம் பாட்டனாரின் பெட்டியில் இவை எவ்வாறு வந்தன என்று வியப்பதற்கு எமக்குக் காரணம் இல்லை. கதையை உம்மா முன்பே அரைகுறையாகச் சொல்லியிருந்தார்.

பாட்டனார் 1918-இல் பிறந்தவர். எம் ஊர் நாகூரை அடுத்த கடற்கரைச் சிற்றூர். அங்கு ஆண்டுதோறும் கோடையில் டூரிங் டாக்கீஸ் கொட்டகை போடுவார்கள். தம் பதினெட்டாம் வயதில் அக்கொட்டகை வாயிலில் பாட்டுப் புத்தகம் விற்கும் தொழிலை அவர் மேற்கொண்டார். அக்காலத்தில் ஒவ்வொரு படத்திற்கும் ஒரு பாட்டுப் புத்தகம் உண்டு. முன்பக்கத்தில் நடிகர் படம், உள்ளே கதைச் சுருக்கம், பிறகு பாடல்கள் என்று அது அமையும். கதையின் முடிவைச் சொல்லாது, எஞ்சியதைத் திரையில் காண்க என்று நிறுத்திவிடுவார்கள். புராணக் கதையின் முடிவை அறியாதார் யார் இருந்தனர் என்பது வேறு செய்தி! சாவித்திரி கணவன் உயிரை மீட்டாளா இல்லையா என்று அறிய எவரும் தரை டிக்கெட் வாங்கவில்லை. அவள் எமனிடம் எந்த இராகத்தில் வாதாடினாள் என்று கேட்கவே வாங்கினர்.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பாட்டனாருக்குத் தமிழ் எழுத்துப் படிக்க வராது. ஓதும் பள்ளியில் குர்ஆன் ஓதக் கற்றார். அரபுத்தமிழ் எழுதப் படிக்கக் கற்றார். அத்துடன் கல்வி நின்றது. தமிழ் ஓசையை அரபு எழுத்தால் எழுதும் அம்முறையை நம் மாணவர்களில் பலர் இன்று கண்டிருக்க மாட்டார்கள். கடற்கரை ஊர்களில் கடிதமும் கணக்கும் மார்க்க நூலும் அவ்வெழுத்தில் நடந்த காலம் அது. ஆகவே, தாம் விற்ற புத்தகங்களைத் தாமே படிக்க இயலாத வணிகராக எம் பாட்டனார் விளங்கினார். ஒவ்வொரு புத்தகத்தின் பின்னட்டையிலும் அரபெழுத்தில் அவருடைய குறிப்புகள் நெருங்கி நிற்கின்றன. கணக்காக இருக்கும் என்று கருதினோம். எமக்கு அரபுத்தமிழ் தட்டுத்தடுமாறித்தான் வரும்; வளைந்து வளைந்து செல்லும் அவர் கையெழுத்தோ சிறிதும் பிடிபடவில்லை.

தமிழ்த்துறை மலரில் சினிமாவைப் பற்றி எழுதுவதா என்று முதிய ஆசிரியர் சிலர் புருவம் நெரிக்கக்கூடும். நாடகத் தமிழின் கடைசிப் பெரும் அறுவடை அப்படங்களில்தான் நிகழ்ந்தது என்பது எம் கருத்து. தாதாசாகேப் பால்கே 1913-இல் அரிச்சந்திரன் கதையைப் பேசாப் படமாக்கியதிலிருந்து, திரையில் தோன்றிய தெய்வங்கள் ஏறத்தாழப் பதினெட்டு ஆண்டுகள் ஊமையாகவே உலவின. 1931 மார்ச்சு 14-இல் பம்பாயில் அர்தேசிர் இரானியின் ‘ஆலம் ஆரா’ வெளிவந்தது. அதில் ஏழு பாடல்கள். அதே ஆண்டு அக்டோபர் 31-இல் ‘காளிதாஸ்’ சென்னைக்கு வந்தது. அதே இரானியின் நிறுவனம், எச்.எம். ரெட்டி இயக்க, பம்பாயில் எடுத்த படம். நாயகி டி.பி. ராஜலட்சுமி தமிழ் பேச, நாயகன் தெலுங்கு பேசினார். படச்சுருளை இரயிலடியிலிருந்து கொட்டகைக்கு ஊர்வலமாகக் கொண்டு சென்றபோது மக்கள் தேங்காய் உடைத்து வரவேற்றனர் என்பர். பாரசீக வழிவந்த பார்சி ஒருவரின் படப்பெட்டிக்குத் தமிழர் தேங்காய் உடைத்த அந்நாளை நாம் அடிக்கடி எண்ணிப் பார்ப்பதுண்டு.

பேசும் படம் என்று பெயர் வைத்தார்களே தவிர, அவை பாடும் படங்களே. அதற்குக் காரணம் மேடை. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) எழுதிய வள்ளி திருமணமும் பவளக்கொடியும் ஊர்தோறும் விடிய விடிய நடந்துவந்தன. அந்நாடகங்களையும் அவற்றில் பாடிப் பழகிய நடிகர்களையும் அப்படியே படக்கருவியின் முன் நிறுத்தினார்கள். பின்னணிக் குரல் என்பது அப்போது இல்லை. நடிக்கும்போதே பாட வேண்டும். பக்கவாத்தியக்காரர் படக்கருவியின் கண்ணுக்குத் தப்பி மரத்தின் பின்னோ திரையின் பின்னோ ஒளிந்திருந்து வாசிக்க வேண்டும். வெயிலை நம்பித் திறந்த வெளியில் எடுத்த காட்சிகளில் காகம் கரைந்தாலும் அதுவும் ஒலிச்சுருளில் ஏறிவிடும். ஆகவே முகவெட்டைவிடக் குரல்வளமே நாயகனைத் தீர்மானித்தது. 1934-இல் கே. சுப்பிரமணியம் இயக்கிய ‘பவளக்கொடி’யில் எம்.கே. தியாகராஜ பாகவதர் அருச்சுனனாக வந்தார். பாபநாசம் சிவன் பாடல் எழுதினார். அரைநூறு பாடல்கள்! இக்கதை வியாச பாரதத்தில் இல்லை. அல்லி அரசாணியையும் பவளக்கொடியையும் அருச்சுனனுக்கு மணம் முடித்து வைத்தவர்கள் நம் நாட்டுப்புறத்துப் பாட்டிமார்கள். மறுஆண்டு வந்த ‘நந்தனா’ரில் கே.பி. சுந்தராம்பாள் ஆண் வேடமேற்று நந்தனாராகவே பாடினார். அவர் பெற்ற ஊதியம் ஓர் இலட்சம் ரூபாய். அந்நாளில் அது எவ்வளவு பெரிய தொகை என்பதை இன்றைய கணக்கிற்கு மாற்றிப் பார்க்கும் வேலையை மாணவர்களுக்கே விட்டுவிடுகிறோம்.

எனினும் இக்கட்டுரையில் நாம் நின்று பேச விரும்புவது வேறொரு படம். 1932-இல் கல்கத்தாவின் மதன் தியேட்டர்சு நிறுவனத்திற்காக ஜே.ஜே. மதன் இயக்கிய ‘இந்திர சபா’. மூன்றரை மணி நேரப் படத்தில் எழுபதை ஒட்டிய பாடல்கள். கஜல் உண்டு, தும்ரி உண்டு, வண்ண விழாவுக்குரிய ஹோரி உண்டு. பாடல் நிற்கும் இடத்தில் உரையாடல் வரும் என்று காத்திருந்தால் அதுவும் செய்யுளாகவே வரும். பாடியும் நடித்தும் பெயர் பெற்றவர்கள் மாஸ்டர் நிசாரும் ஜஹானாரா கஜ்ஜனும்.

இதன் மூலநூல் உருது நாடகம். இயற்றியவர் ஆகா ஹசன் அமானத் (1815–1858) என்னும் இலக்னோப் புலவர். அவத் நாட்டை நவாப் வாஜித் அலி ஷா ஆண்ட காலம். அந்நவாபே இராதையும் கண்ணனும் பற்றிய ஆடல் நாடகத்தை எழுதி அரண்மனையில் ஆடச் செய்தவர். 1856-இல் ஆங்கிலேயர் அவரைப் பதவி நீக்கிக் கல்கத்தாவுக்கு அனுப்பினர். அதற்குச் சில ஆண்டுகள் முன்பே அமானத்தின் நாடகம் இலக்னோவில் மேடையேறிவிட்டது.

கதையைச் சுருங்கச் சொல்வோம். தேவேந்திரன் அவையில் புஷ்பராகப் பரி, நீலப் பரி, சிவப்புப் பரி, பச்சைப் பரி என நான்கு தேவமாதர் ஆடிப் பாடுகின்றனர். பச்சைப் பரி மண்ணுலகத்து இளவரசன் குல்ஃபாம் என்பானைக் கண்டு காதலுறுகிறாள். கரிய தேவன் ஒருவனைக் கொண்டு அவனைத் தன்னிடம் தூக்கிவரச் செய்கிறாள். இந்திர சபையைக் காண வேண்டும் என்று இளவரசன் பிடிவாதம் பிடிக்க, மறைவாக அழைத்துச் செல்கிறாள். செய்தி வெளிப்படுகிறது. சினங்கொண்ட இந்திரன் பரியின் சிறகுகளை வெட்டி மண்ணுலகிற்குத் துரத்துகிறான். இளவரசனைக் காஃப் மலையின் கிணற்றில் அடைக்கிறான். சிறகிழந்த பரி, யோகினிக் கோலம் பூண்டு பாடித் திரிகிறாள். அப்பாட்டின் புகழ் இந்திரன் செவிக்கு எட்டுகிறது. அழைத்துப் பாடச் சொல்லி, மகிழ்ந்து, வேண்டியதைக் கேள் என்கிறான். அவள் குல்ஃபாமைக் கேட்கிறாள்.

இந்திரன் நம் சிலப்பதிகாரத்தும் மணிமேகலையிலும் விழாக் கொண்ட இந்திரனே. காஃப் மலையோ பாரசீக, அரபுக் கதைகளில் உலகைச் சூழ்ந்து நிற்கும் மலை. நம் வீட்டுப் பாட்டிமார் ஜின்களும் பரிகளும் வாழும் இடமாகச் சொல்லும் மலை அதுவே. புராணத்து அமராவதியில் குற்றம் செய்தவன் பாரசீகத்து மலையில் சிறைப்படுகிறான். ஊர்வசியும் மேனகையும் ஆட வேண்டிய இடத்தில் பரிகள் ஆடுகின்றனர். பரி உடுப்பதோ யோகினியின் காவி. அமானத்திற்கு இது முரணாகத் தோன்றியதாகத் தெரியவில்லை. பார்த்தவர்களுக்கும் தோன்றவில்லை. பார்சி நாடகக் குழுவினர் ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் இதனை ஊர் ஊராக ஆடினர். இந்துப் புராணப் படங்களுக்கு இசை அமைத்த முஸ்லிம் கலைஞரைப் பற்றிப் பேச்சு வந்தால், 1952-இல் வந்த ‘பைஜு பாவ்ரா’வின் கண்ணன் பாட்டை எல்லாரும் எடுத்துக்காட்டுவர். எழுதியவர் ஷகீல், இசையமைத்தவர் நௌஷாத், பாடியவர் ரஃபி என்பர். அது உண்மைதான். ஆயின் அதற்கு நூறாண்டு முன்னரே அமானத்தின் வீட்டு விளக்கின் அடியில் இந்திரன் அவை கூடிவிட்டது என்பதை எவரும் சொல்வதில்லை என்பது எம் நெடுநாள் குறை.

தமிழ் மேடைக்கும் இதில் பங்கு உண்டு. பார்சிக் குழுவினர் தென்னாட்டிற்கு வந்து ஆடிச் சென்றபின், அவர்தம் வண்ணத் திரைகளையும் மெட்டுகளையும் நம்மவர் எடுத்துக்கொண்டனர். நாடக நூல்களில் பாட்டின் தலைப்பில் ‘பார்சி மெட்டு’, ‘இந்துஸ்தானி மெட்டு’ என்று அச்சிட்டிருப்பதைப் பலரும் கண்டிருப்பர். எம் பாட்டனாரின் பதினான்கு புத்தகங்களிலும் அக்குறிப்புகளைத் தேடினோம், கிடைத்தன. முருகனும் வள்ளியும் பாடிய மெட்டு, இலக்னோவின் கஜலிலிருந்து பிரிந்துவந்த ஒன்றாக இருக்கலாம். நம் புலவர்களும் அமானத்திற்கு அயலாரல்லர். சீறாப்புராணத்தில் உமறுப்புலவர் அரபு நாட்டுக்கு மருதவளம் பாடினார். சீதக்காதிக்கு நொண்டி நாடகம் எழுந்தது. அலிபாதுஷாவைத் தமிழ் நாடகமேடை அறியும். வடிவம் யாருடையது என்று கேட்டு எழுதியவர்கள் இவர்கள் அல்லர்.

2003-ஆம் ஆண்டில் ஆய்வியல் நிறைஞர் பட்டத்திற்கு நாம் பதிவு செய்தபோது, தொடக்ககாலப் புராணப் படப் பாடல்களையே தலைப்பாகக் கொடுத்தோம். நெறியாளர் நல்லவர், கடிந்து பேசத் தெரியாதவர். தாளைப் பார்த்துவிட்டு, “உங்கள் இலக்கியமே ஆய்வாரின்றிக் கிடக்கிறதே, உங்களுக்கு எதற்கு இத்தலைப்பு?” என்றார். ‘உங்கள்’ என்ற சொல்லில் அவர் தீங்கேதும் கருதவில்லை. எமக்கே அது வீடு வரும் வழியில்தான் உறைத்தது. வீட்டில் பெரிய வாப்பா அதையே மறுபக்கமிருந்து கேட்டார்: “சாமிப் பாட்டை ஆராயவா நம்ம பிள்ளையைப் படிக்க வச்சோம்? நமக்கு எதற்கு அது?” இரு திசையிலிருந்து வந்த ஒரே கேள்வி. எமக்கு வயது இருபத்து நான்கு. எதிர்த்து நிற்கும் துணிவு இல்லை. நபிகள் நாயகம் பிள்ளைத்தமிழை ஆய்ந்து பட்டம் பெற்றோம். அதில் வருத்தம் இல்லை. திருச்செந்தூர் முருகனையும் மதுரை மீனாட்சியையும் தாலாட்டிய அதே பிள்ளைத்தமிழ் நபிகளாருக்கும் பாடப்பட்டதை அந்த ஆய்வில்தான் அணுகிக் கற்றோம். ஆனால் முதல் தலைப்பு எழுதிய தாள் இன்றும் எம்மிடம் உள்ளது.

பாட்டனாரிடமும் அக்கேள்வி கேட்கப்பட்டதுண்டு. ‘சாவித்திரி’ படத்திற்குப் பிறகு, அஃதாவது 1941-க்குச் சற்றுப் பின்னர், ஒரு ஜும்ஆ தொழுகை முடிந்ததும் பெரியவர் இருவர் அவரைத் தனியே அழைத்துப் பேசினராம். சண்டையில்லை, அபராதமில்லை. “வேறு தொழில் பார், அல்லாஹ் பரக்கத் தருவான்” என்றனராம். அப்பெரியோரை நாம் குறை கூறமாட்டோம். இணைவைத்தலுக்கு அஞ்சுவது ஈமானின் பகுதி. பிழைப்புக்காகத் தெய்வப் பாடல் பாடி நிற்கும் இளைஞனைக் கண்டு அவர்கள் கவலைப்பட்டதைப் புரிந்துகொள்ளவே முயல்கிறோம். கதையை அறிவதும் வணங்குவதும் ஒன்றாகா என்பதை அன்று அவர்களிடம் எடுத்துச் சொல்வார் யாரும் இருந்திலர் என்பதே எம் வருத்தம். பாட்டனார் மறுநாளே தொழிலை விட்டார். அத்தரும் ஊதுபத்தியும் விற்கலானார். எஞ்சிய புத்தகங்களைக் கொளுத்திவிடச் சொன்னார்களாம். அதை மட்டும் அவர் செய்யவில்லை. பெட்டியில் இட்டுப் பூட்டினார். 1994-இல் மௌத்தாகும் வரை அப்பூட்டை அவர் திறந்து உம்மா கண்டதில்லை. பிற்பகலில் அத்தர்க் குப்பிகளைத் துடைக்கும்போது ஏதோ ஒன்றை மெல்ல முனகுவாராம். என்ன பாட்டு வாப்பா என்று கேட்டால் நிறுத்திவிடுவாராம்.

சென்ற கல்வியாண்டில் இறுதியாண்டு மாணவி ஒருத்தி எம் அறைக்கு வந்து, பழைய சினிமாப் பாட்டுப் புத்தகங்களைப் பற்றி ஆய்வேடு எழுதலாமா ஐயா என்று கேட்டாள். மகிழ்ந்திருக்க வேண்டிய நாம் சொன்ன சொல்லை மறைக்காமல் இங்குப் பதிவு செய்கிறோம். “உனக்கு எதற்கம்மா இந்தத் தலைப்பு?” என்றோம். நெறியாளரின் குரலா, பெரிய வாப்பாவின் குரலா என்று பிரித்தறிய முடியாத ஒரு குரல் எம் வாயிலிருந்தே வந்தது. அவள் தலைகுனிந்து, “சும்மா கேட்டேன் ஐயா, வேற எடுத்துக்கிறேன்” என்று திரும்பினாள். வாயிற்படி தாண்டுவதற்குள் அழைத்து நிறுத்தினோம். அடுத்த நாள் தகரப் பெட்டியைக் கல்லூரிக்குக் கொண்டுவந்து அவளிடம் கொடுத்தோம்.

அவளாலும் பின்னட்டையைப் படிக்க இயலவில்லை. ஆனால் அவளுடைய பாட்டியார் அரபுத்தமிழ் அறிந்தவர், எண்பதைக் கடந்தவர். ஒரு சனிக்கிழமை அசருக்குப் பின் நாம் அவர் இல்லம் சென்றோம். மூக்குக்கண்ணாடியைத் துடைத்து அணிந்துகொண்டு முதல் புத்தகத்தைத் திருப்பினார். கணக்குதான். இன்ன நாள், இத்தனை விற்றது, இன்னாரிடம் கடன் நிற்கிறது என்று படித்துக்கொண்டே வந்தார். பேத்தி குறித்துக்கொண்டாள். நான்கைந்து புத்தகங்கள் அவ்வாறே சென்றன.

‘நந்தனார்’ புத்தகத்தின் பின்னட்டையில் கணக்கு இல்லை. வரிகள் நீண்டு சென்று உள்ளட்டையிலும் தொடர்ந்தன. பாட்டியார் ஒவ்வோர் எழுத்தாகக் கூட்டினார். சொல் புரிந்து படித்தாரில்லை, ஓசையாகவே படித்தார். மூன்றாம் வரியில் எமக்கு விளங்கிவிட்டது. தமிழ் படிக்கத் தெரிந்த யாரையோ படிக்கச் சொல்லி, கொட்டகை வாயிலில் பாடி விற்பதற்காக, உள்ளே அச்சாகியிருந்த பாட்டைப் பாட்டனார் தம் எழுத்தில் பெயர்த்து வைத்திருக்கிறார். தில்லைக் கூத்தனை நோக்கிய பாட்டு, வலமிருந்து இடமாக.

ஐந்தாம் வரியில் பாட்டியாருக்கும் அது இன்னதென்று விளங்கியது. படிப்பை நிறுத்தினார். கண்ணாடிக்கு மேலாக எம்மை ஒருமுறை பார்த்தார், பேத்தியைப் பார்த்தார். பேத்தியின் எழுதுகோல் தாளின் மேல் நின்றிருந்தது.

“எங்கே விட்டேன்?” என்று கேட்டு, விரலால் வரியைத் தேடி, விட்ட இடத்திலிருந்து படித்தார்.